உன் பெயரில் ஆடிய கம்ப்யூட்டர்

அன்புள்ள என்று ஆரம்பிக்க இன்றைக்கு எனக்கு மனம் வரவில்லை. மகனுக்கு, அவ்வளவுதான்.

இதை நான் குரல் பதிவாக அனுப்பியிருக்கலாம். நீ அதை இரண்டு மடங்கு வேகத்தில் ஓடவிட்டு, எலி கீச்சிடுகிற மாதிரி என் குரலைக் கேட்டுவிட்டு, "ஓகே மா" என்று பதில் போடுவாய். எழுதியதை அப்படி ஓடவிட முடியாது, உட்கார்ந்துதான் படிக்க வேண்டும். அதனால் எழுதுகிறேன். ஞாயிறு பத்திரிகைக்கும் ஒரு படி அனுப்பப் போகிறேன். பயப்படாதே, யார் பெயரையும் போடவில்லை. சம்பந்தி வீட்டார் கை நனைக்க வந்த அன்றைக்கே, இலை போடுகிற நேரத்தில், நம் வீட்டுக் கதை மொத்தமும் நடுக்கூடத்தில் கொட்டியாகிவிட்டது. இனி மலாக்காவில் யாருக்குப் பயந்து நான் எதை மூடி வைக்க வேண்டும்?

எனக்குக் கோபம். உலை வைக்கும்போதும் கோபம், துணி காயப்போடும்போதும் கோபம், கோயிலில் கண்ணை மூடிக் கும்பிடும்போதும் உன் முகம்தான் வந்து நிற்கிறது. போன தீபாவளியிலிருந்து ஞாயிற்றுக்கிழமை காலைகளில் நீ என்று நம்பி நான் பில்லியர்ட்ஸ் ஆடியது கம்ப்யூட்டரோடு. அதற்கு உன் பெயரை வைத்து, உன் படத்தை ஒட்டி, என் முன்னால் உட்கார வைத்துவிட்டு, நீ சிங்கப்பூரில் பசாருக்குக் காய்கறி வாங்கப் போயிருக்கிறாய். பெற்றவளின் கண்ணில் மண்ணைத் தூவ உனக்கு எப்படியடா மனம் வந்தது?

படிக்கிறவர்களுக்கு இந்த அம்மாவுக்கும் பில்லியர்ட்ஸுக்கும் என்ன சம்பந்தம் என்று தோன்றும். உனக்குத் தெரியும். நீ பள்ளிக்கூடத்தில் நான்காம் படிவம் படிக்கும்போது, டியூஷன் என்று சொல்லிவிட்டுக் கடைவரிசை மாடியில் இருந்த ஸ்நூக்கர் நிலையத்துக்குப் போனாய். யாரோ வந்து சொன்னார்கள். நான் அடுப்பை அணைத்துவிட்டு, கட்டியிருந்த கைலியோடு பஸ் ஏறி வந்து, அந்த மாடிப்படியில் மூச்சு வாங்க ஏறி, சிகரெட் புகைக்கு நடுவில் உன் காலரைப் பிடித்தேன். கல்லாவில் இருந்த சீனர், பையன் நன்றாக ஆடுகிறான், அடிக்காதீர்கள் என்று மலாயில் கெஞ்சினார். உன்னை விட்டுவிட்டு அவரைப் பிடித்துக்கொண்டேன். "ஒன் புள்ளயா இருந்தா இப்படிச் சொல்லுவியா?" என்று தமிழிலேயே கேட்டேன். அவருக்கு என்ன புரிந்ததோ, இரண்டு கையையும் தூக்கிவிட்டார். அந்த மேசையையும் அந்தப் பந்துகளையும் அன்றைக்கு நான் சபித்த சாபம் கொஞ்சமா?

பிறகு நீ சிங்கப்பூருக்கு வேலைக்குப் போனாய். உன் அப்பாவுக்குக் காது மந்தம் என்பதால் வீட்டுக்கு வருகிற ஃபோனெல்லாம் ஸ்பீக்கரில்தான். அவரும் பக்கத்தில், நானும் பக்கத்தில். சாப்பிட்டாயா, அங்கே மழையா, வேலை எப்படி. அதற்கு மேல் பேச்சு நகராது. ஒரு விடுமுறைக்கு வந்தபோது நீயாகவே உன் பழைய கம்ப்யூட்டரில் அந்த பில்லியர்ட்ஸ் விளையாட்டைப் போட்டுக் கொடுத்தாய். நான் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டேன். "மா, இது சின்னப் புள்ளைங்க கேம் இல்ல மா. நிஜ மேசையில பந்து எப்படிப் போகுமோ அப்படியே போகும். நீங்க எந்த இடத்துல குத்துறீங்களோ அதுக்குத் தக்க சுத்தும்" என்றாய். ஓரத்தில் மோதித் திரும்புகிற கோணம், துணியில் உராய்ந்து வேகம் குறைவது, வெள்ளைப் பந்தின் அடிப்பாகத்தில் குத்தினால் அது போய் இடித்துவிட்டு நம்மிடமே உருண்டு வருவது, எல்லாம் காட்டினாய். பந்தும் பந்தும் மோதுகிற சத்தம்கூட அந்த மாடியில் நான் கேட்ட அதே சத்தம். எனக்கு ஒரு மாதிரி ஆகிவிட்டது. சும்மா ஒரு தடவை என்று மவுசைப் பிடித்தேன். அவ்வளவுதான், பைத்தியம் பிடித்துக்கொண்டது.

அந்த ஞாயிற்றுக்கிழமைகளை நினைத்தால் இப்போதும் கோபத்துக்கு நடுவில் சிரிப்பு வருகிறது. இட்லிப் பானையை இறக்கி வைத்துவிட்டு, அறைக் கதவைச் சாத்திவிட்டு, காதில் நீ வாங்கித் தந்த ஹெட்ஃபோன் மைக்கை மாட்டிக்கொண்டு உட்காருவேன். நீ எப்போதும் முரட்டடி. பந்து பறக்க வேண்டும் உனக்கு. நான் மெதுவாகத் தட்டி, வெள்ளைப் பந்தைக் கொண்டுபோய் என் பந்துக்குப் பின்னால் ஒளித்து வைத்துவிடுவேன். "என்ன மா இது, ஆட விட மாட்றீங்க, மோசம் லா!" என்று கத்துவாய். "நீ மாடு மாதிரி முட்டுனா நான் என்னடா செய்வேன், யோசிச்சு அடி" என்பேன். கை விளையாடும், வாய் பேசும். மேனேஜர் உன்னைக் குறை சொன்னதை அங்கேதான் சொன்னாய். உனக்கு இரவில் தூக்கம் வரவில்லை என்பதை அங்கேதான் சொன்னாய். ஒரு நாள் நான் கருப்புப் பந்தைக் குறி பார்த்துக்கொண்டிருந்தேன், அது விழுந்தால் நான் ஜெயித்தேன். நீ மெல்ல, "மா, ஒருத்தி இருக்கா மா" என்றாய். என் கை ஆடிப்போய் கருப்போடு வெள்ளையும் சேர்ந்து குழிக்குள் போய்விட்டது. நீ அப்படிச் சிரித்தாய். முகம் பார்த்துச் சொல்ல முடியாததைப் பந்தைப் பார்த்துக்கொண்டு சொல்லலாம் என்று நமக்குள் ஒரு பழக்கம் வந்துவிட்டது. அந்தப் பழக்கத்தைத்தான் நீ கெடுத்தாய்.

தீபாவளிக்கு வந்தாய். புது வெர்ஷன் என்று என்னவோ மாற்றினாய். "இனிமே இந்தப் படத்த அழுத்துனா போதும் மா, நான் வந்துருவேன். என் மைக் மட்டும் ரோசாக், கெட்டுப்போச்சு. நீங்க பேசுனா எனக்குக் கேக்கும், நான் பேசுனாத்தான் ஒங்களுக்குக் கேக்காது" என்றாய். வேறு மைக் வாங்கேன்டா என்றேன், வாங்குகிறேன் என்றாய். நான் ஏன் சந்தேகப்படப் போகிறேன்? அழுத்தினால் உன் பெயர் வந்தது, உன் படம் வந்தது, உன் முரட்டடியும் வந்தது. ஒரு முறை புயல் மழையில் நம் தாமானில் ஒரு வீட்டுக்கும் இன்டர்நெட் இல்லை. பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் ஃபோனைத் தூக்கிக்கொண்டு தெருவில் அலைந்தார்கள். நான் படத்தை அழுத்தினேன், நீ வந்தாய். "பாத்தீங்களா, ஒங்க மகனுக்கு லைன்கூட வேணாம், அம்மான்னா வந்துருவான்" என்று உன் அப்பாவிடம் பெருமையடித்தேன். இப்போது அதை நினைத்தால் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருக்கிறது.

இதோடு போயிருந்தால் இரண்டு நாள் திட்டிவிட்டு விட்டிருப்பேன். உன் அப்பா சனிக்கிழமைகளில் மோட்டார் சைக்கிளில் கடலோரம் உம்பாய் கிராமத்துக்குப் போய் மீன் வாங்கி வருவார், தெரியும்தானே. பொங்கலுக்கு முன்னால் ஒரு சனிக்கிழமை போனவர் மத்தியானம் வரை வரவில்லை. அப்புறம் யாரோ அவருடைய ஃபோனிலிருந்து கூப்பிட்டு, செர்காமில் ஒரு சாப்பாட்டுக் கடையில் உட்கார்ந்திருக்கிறார், வீட்டுக்கு வழி கேட்கிறார், வந்து கூட்டிப் போங்கள் என்றார்கள். எத்தனை வருடமாகப் போய் வருகிற ரோடு! திரும்ப வேண்டிய பக்கத்தை விட்டு எதிர்ப்பக்கம் போயிருக்கிறார். சொந்த அண்ணன் வீடு அதே ஊரில் இருக்கிறது, அதுகூட நினைவுக்கு வரவில்லை. நான் வாடகைக் காரில் போய் இறங்கினபோது மீன் பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார், மீன் நாறிவிட்டிருந்தது. என்னைப் பார்த்ததும் முதலில் கேட்டது, "தம்பிகிட்ட சொல்லிட்டியா?" என்றுதான். அவருக்குத் தம்பி என்றால் நீதானே. ஆஸ்பத்திரியில் படம் எடுத்துப் பார்த்து, மறதி நோய் ஆரம்பித்திருக்கிறது, இனி வண்டி ஓட்டக் கூடாது என்றார்கள். கல்யாணம் முடிகிற வரை உனக்குத் தெரியக் கூடாது என்று என்னிடம் சத்தியம் வாங்கினார். மோட்டாரை விற்றோம். விற்றதற்குக் காரணம் முதுகுவலி என்று உன்னிடம் ஃபோனில் சொல்லச் சொன்னார், சொன்னேன்.

ஆனால் நான் சத்தியத்தைக் காப்பாற்றவில்லை. எனக்கு யாரிடமாவது சொல்லியாக வேண்டியிருந்தது. டாக்டர் சொன்ன வாரத்து ஞாயிறு, கதவைச் சாத்தி, மைக்கை வாயோடு ஒட்டி வைத்துக்கொண்டு, எல்லாவற்றையும் உன்னிடம் சொன்னேன். செர்காம், மீன், டாக்டர், எனக்கு இருக்கிற பயம், இரவெல்லாம் அவர் எழுந்து எழுந்து கதவைப் பூட்டிப் பார்ப்பது, எல்லாம். உன் முறை வந்தது. ஒரு மஞ்சள் பந்து குழியின் வாயிலேயே நின்றது. கண்ணை மூடிக்கொண்டு தட்டினாலும் விழுகிற பந்து. நீ அதைத் தவறவிட்டாய். அன்றைக்கு நீ உன் விஷயத்தைச் சொன்னபோது என் கை ஆடியது மாதிரி இன்றைக்கு உன் கை ஆடிவிட்டது, பிள்ளை அங்கே தனியாக உட்கார்ந்து அழுகிறான் என்று நினைத்தேன். "அழுவாத ஐயா. அம்மா இருக்கேன்ல, நான் பாத்துக்கிறேன். நீ கல்யாண வேலைய பாரு. அப்பா முன்னாடி தெரிஞ்ச மாதிரி காட்டிக்காத" என்றேன். ஒரு மெஷினுக்கு நான் ஆறுதல் சொல்லியிருக்கிறேன் மகனே. கண்ணைத் துடைத்துக்கொண்டு ஒரு மெஷினைச் சமாதானப்படுத்தியிருக்கிறேன்.

அதற்குப் பிறகும் ஒவ்வொரு வாரமும் அவரைப் பற்றிச் சொல்லிக்கொண்டுதான் இருந்தேன். பொங்கலுக்கு வந்து அரை நாள் இருந்தாய். அப்பா உன்னிடம் கேட்டதையே திரும்பத் திரும்பக் கேட்டார். நீ ஃபோனைப் பார்த்தபடியே சலிக்காமல் பதில் சொன்னாய். அடேயப்பா, எவ்வளவு பக்குவமாக நடந்துகொள்கிறான், மனசுக்குள் வைத்துக்கொண்டு வெளியில் காட்டாமல் இருக்கிறானே என்று உன்னை மெச்சிக்கொண்டேன். நீ காதில் வாங்கவே இல்லை என்பதுதான் உண்மை. அதுவும் எனக்கு இப்போதுதான் உறைக்கிறது.

கை நனைக்கிற நாள் வந்தது. குளுவாங்கிலிருந்து பெண் வீட்டார் இரண்டு காரில் வந்து இறங்கிவிட்டார்கள். சம்பந்தம் உறுதியாகி அவர்கள் நம் வீட்டில் முதன்முதலாகச் சாப்பிடுகிற நாள், ஒரு குறையும் வரக் கூடாது என்று நான் விடியலிலிருந்து நின்றபடி சமைத்திருக்கிறேன். இலை போட ஆரம்பித்தபோதுதான் செர்காமில் இருக்கிற உன் பெரியப்பாவுக்கு வண்டி வரவில்லை என்று தெரிந்தது. நீ உன் கார் சாவியை எடுத்து அப்பா கையில் கொடுத்தாய். "அப்பா, சட்டுனு போயி பெரியப்பாவ கூட்டிட்டு வந்துருங்க" என்றாய். செர்காமுக்கு! வேறு எந்த ஊராக இருந்தாலும் என் வாய் கொஞ்சம் பொறுத்திருக்குமோ என்னவோ. கையில் சாம்பார்க் கரண்டியோடு கூடத்துக்கு வந்துவிட்டேன்.

"அறிவிருக்காடா ஒனக்கு? வீட்டுக்கு வழி தெரியாம அந்த ஊர்ல நின்ன மனுசன் கையில சாவிய குடுக்கிற! வண்டியே தொடக் கூடாதுன்னு டாக்டர் சொன்னத ஒன்கிட்ட எத்தன வாட்டி சொல்லிட்டேன்!"

"என்ன மா? என்ன டாக்டர்?" என்றாய்.

"நடிக்காத. வாரா வாரம் ஞாயித்துக்கெழம ஒக்காந்து அழுதேனே, கேட்டுக்கிட்டுத்தான இருந்த?"

நீ கட்டப்போகிற பெண்தான் பேசினாள். அவளுக்கும் ஒன்றும் புரியவில்லை. "அத்தை... ஞாயித்துக்கெழம காலையில நாங்க பசார்ல இருப்போமே. நீங்க கம்ப்யூட்டர்கூடத்தான ஆடுவீங்க? ஒங்களுக்குத் தெரியும்னு இவரு சொன்னாரே..." என்றாள். அப்புறம் அவளே வாயைப் பொத்திக்கொண்டாள். நீ தரையைப் பார்த்தாய். நான் உன் அப்பாவைப் பார்த்தேன். அவர் சாவியைத் தாம்பூலத் தட்டில் மெதுவாக வைத்தார். யாரையும் பார்க்கவில்லை. "சொல்லிட்டியா?" என்று என்னிடம் மட்டும் கேட்டுவிட்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். நாற்பது வயதுக்காரர் மாதிரி வேட்டியை மடிப்புக் கலையாமல் கட்டிக்கொண்டு, சம்பந்தி என்று எல்லோரையும் வாசலில் வரவேற்ற மனுஷன். அவர் யாருக்குத் தெரியக் கூடாது என்று நினைத்தாரோ அத்தனை பேருக்கும் முன்னால் அவரை நான் போட்டு உடைத்தேன். உனக்குத் தெரியும் என்று நம்பியதால்தானடா உடைத்தேன்!

அந்தப் பெண்ணின் அம்மா நல்ல மனுஷி. நான் விறைத்துப்போய் நின்றபோது அவர்தான் வந்து என் கையிலிருந்த கரண்டியை வாங்கினார். "எங்க மாமனாருக்கும் இப்படித்தான் இருந்துச்சு சம்பந்தி. இலைய போடுங்க. கை நனைக்காம நாங்க போக மாட்டோம்" என்றார். அவர்கள் சாப்பிட்டதால்தான் உன் கல்யாணம் இன்றைக்கும் ஆவணியில் நடப்பதாக இருக்கிறது, அதை மறந்துவிடாதே.

சாப்பாடு முடிந்து நீ பின்பக்கம் வந்து என்னிடம் சொன்னாயே ஒரு சமாதானம், அதைத்தான் என்னால் செரிக்கவே முடியவில்லை. "ஒங்கள ஏமாத்தணும்னு செய்யல மா. ஞாயித்துக்கெழம ஒரு நாளுதான் லீவு. வர மாட்டேன்னு சொன்னா வருத்தப்படுவீங்க. நீங்க ஜெயிச்சா சந்தோசமா இருப்பீங்கன்னு லெவல்கூட கொறச்சு வச்சேன்" என்றாய். லெவல் குறைத்து வைத்தாயாம்! அப்புறம் அந்தப் பெண்ணிடம் கேட்டேன். அவள் தயங்கித் தயங்கி, விளையாட்டை நம் இஷ்டத்துக்கு மாற்றி வைக்கிற பக்கத்தைத் திறந்து காட்டினாள். எவ்வளவு வேகமாக அடிக்க வேண்டும் என்று ஒரு கோடு. நீ அதை மேலே இழுத்து வைத்திருக்கிறாய், உன் முரட்டடி வருவதற்கு. எவ்வளவு தடவை தவறவிட வேண்டும் என்று இன்னொரு கோடு. அதையும் கொஞ்சம் இழுத்து வைத்திருக்கிறாய். அந்த மஞ்சள் பந்து விழாமல் நின்றது அந்தக் கோட்டினால். நான் அதை என் பிள்ளையின் துக்கம் என்று நம்பி, அதை வைத்துக்கொண்டு இத்தனை மாதம் தைரியமாக நடமாடியிருக்கிறேன்.

முடியவில்லை என்றால் முடியவில்லை என்று சொல்லியிருக்கலாமே! "இனிமே வர முடியாது மா, பொண்ணுகூட வெளிய போறேன்" என்று சொல்லியிருந்தால் நான் என்ன கடலிலா குதித்திருப்பேன்? ஒரு வாரம் முறைத்துக்கொண்டு இருந்திருப்பேன். அப்புறம் அவளுக்குப் பிடித்த காய் என்ன என்று கேட்டிருப்பேன். நான் தோற்றால் தாங்க மாட்டேன், வராவிட்டால் தாங்க மாட்டேன் என்று நீயாக முடிவு கட்டி என்னைப் பொம்மை கொடுத்து உட்கார வைத்தாய். நாளைக்கு அந்தப் பெண்ணிடமும் இதையே செய்வாய், அதனால் இப்போதே சொல்லி வைக்கிறேன். அவள் பேசும்போது உனக்குச் சலிப்பாக இருந்தால் சலிப்பாக இருக்கிறது என்று சொல். சண்டை வரட்டும். தட்டு பறந்தாலும் பரவாயில்லை, எதிரில் நீ இருக்க வேண்டும். உன் அப்பாவும் நானும் போடாத சண்டையா? அவர் ஒரு தடவைகூட எழுந்து போனதில்லை, உட்கார்ந்து முழுத் திட்டையும் வாங்கிக்கொண்டுதான் அடுத்த வேலைக்குப் போவார். அவர் முகத்துக்கு நேரே பேச வேண்டியதை நானும் கதவைச் சாத்திக்கொண்டு திரையிடம் பேசினேன். அதற்கு அவரிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டேன். அவர் என் தலையில் கை வைத்தார்.

நீ திரும்பிப் போன பிறகு வந்த ஞாயிறு நான் அந்த அறைப் பக்கமே போகவில்லை. சமையலறையில் இருந்தேன். உள்ளே பந்து மோதுகிற சத்தம் கேட்டது. போய்ப் பார்த்தால் உன் அப்பா உட்கார்ந்திருக்கிறார், காதில் மைக்கைத் தலைகீழாக மாட்டிக்கொண்டு. "தம்பி, சாப்பிட்டியா? ஒங்கம்மா சும்மா பயப்படுறா, எனக்கு ஒண்ணும் இல்ல. நீ மனசப் போட்டு ஒழப்பிக்காத" என்று அதனிடம் பேசிக்கொண்டிருந்தார். அது அவன் இல்லைங்க, கம்ப்யூட்டர் என்றேன். "அவன் பேரு போட்டிருக்கே" என்றார். விளக்கமாகச் சொன்னேன். புரிந்துகொண்டார். முகம் சுருங்கிப்போய் மைக்கைக் கழற்றி வைத்துவிட்டு, எழுந்து போய்ப் படுத்துக்கொண்டார். அடுத்த ஞாயிறு காலையில் குளித்துத் திருநீறு பூசிக்கொண்டு வந்து மறுபடி அதே நாற்காலியில் உட்கார்ந்து, "தம்பி வந்துட்டானா?" என்று கேட்கிறார். நான் மறுபடி சொன்னேன். மறுபடி முதல் தடவை கேட்கிற மாதிரியே முகம் சுருங்கியது. போன ஞாயிறு நான் சொல்லவில்லை. கதவோரம் நின்று பார்த்தேன். கருப்புப் பந்தைச் சுலபமாகப் போடலாம், வேண்டுமென்றே பக்கத்தில் தள்ளிவிட்டார். ஏன் என்று கேட்டேன். "கல்யாண மாப்பிள்ள, அவன் ஜெயிக்கட்டும்" என்றார்.

நேற்று நீ அனுப்பிய செய்தியைப் பார்த்தேன். அங்கிருந்தபடியே அந்த விளையாட்டை அழித்துவிட முடியும், அழித்துவிடட்டுமா என்று கேட்டிருக்கிறாய். கை வைத்தாயோ, தொலைத்துவிடுவேன். அழித்தால் தம்பி எங்கே என்று என்னைத்தான் கேட்பார். ஒவ்வொரு வாரமும் உன்னைப் பொய் என்று சொல்லி அந்த முகம் சுருங்குவதைப் பார்க்க என்னால் ஆகாது. அது உன் வேலை. பஸ்ஸில் ஏறினால் அரை நாளில் வந்து சேருகிற தூரத்தில்தான் இருக்கிறாய். வா. அவர் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார். அவர் காதிலிருந்து அந்த மைக்கைக் கழற்றி, அது நீ இல்லை என்று நீயே சொல்.

மறந்துவிடுவார். அடுத்த ஞாயிறும் வந்து சொல்.

அம்மா